நிலவொளியில் ஒரு நாக்டர்ன்: 'சிம்பொனி ஆஃப் த நைட்' என்ற பெயரின் கதை

கேள்வி இதுதான்: 'காசில்வேனியா: சிம்பொனி ஆஃப் த நைட்' என்ற வீடியோ விளையாட்டில் சிம்பொனி எங்கே இருக்கிறது? கதையில் யாரும் இசைக் கலைஞர் இல்லை, கச்சேரி எதுவும் நடப்பதில்லை. டிராகுலாவின் மகன் வாளோடு ஒரு கோட்டைக்குள் நுழைகிறான், அரக்கர்களை வெட்டுகிறான், அப்பாவைத் தேடிப் போகிறான். அப்படியானால் இது கேட்க அழகாக இருக்கட்டும் என்று வைத்த பெயர்தானா?

இல்லை. ஆனால் ஆங்கிலப் பெயரை மட்டும் கையில் வைத்துக்கொண்டு எவ்வளவு யோசித்தாலும் முழு விடை கிடைக்காது. ஏனென்றால் அதை உருவாக்கியவர்கள் வைத்த பெயரில் சிம்பொனியே கிடையாது. கொனாமி நிறுவனம் 1997 மார்ச்சில் ஜப்பானில் பிளேஸ்டேஷனுக்காக இதை வெளியிட்டபோது பெயர் 'அகுமாஜோ டிராகுலா எக்ஸ்: கெக்கா நோ யசோக்யோகு'. 'அகுமாஜோ டிராகுலா' என்பது ஜப்பானில் இந்தத் தொடரின் பொதுப் பெயர், பேய்க்கோட்டை டிராகுலா என்று சொல்லலாம். 'கெக்கா' என்றால் நிலவின் கீழே. 'யசோக்யோகு' என்பது நாக்டர்ன் என்ற மேற்கத்திய இசை வடிவத்துக்கு ஜப்பானியர் வைத்திருக்கும் சொல். ஆக, நிலவொளியில் ஒரு நாக்டர்ன். சில மாதங்கள் கழித்து அமெரிக்காவுக்கு வந்தபோது அந்த நாக்டர்ன் போய் சிம்பொனி ஆகிவிட்டது.

நாக்டர்னும் சிம்பொனியும் இரண்டும் இசைதானே, என்ன பெரிய வித்தியாசம் என்று தோன்றலாம். வித்தியாசம் நிறையவே இருக்கிறது. அதைப் பார்ப்பதற்கு முன்னால் இதற்கு முந்தைய விளையாட்டைப் பார்த்துவிட வேண்டும். இந்தப் பெயர் தனியாகப் பிறந்ததில்லை, ஒரு ஜோடியின் இரண்டாம் பாதி.

முதல் பாதி 1993-இல் வந்தது. பிசி எஞ்சின் என்ற விளையாட்டுக் கருவியின் சிடி வட்டுக்காகச் செய்த 'அகுமாஜோ டிராகுலா எக்ஸ்: சி நோ ரோண்டோ'. ஆங்கிலத்தில் இதை 'ரோண்டோ ஆஃப் பிளட்' என்கிறார்கள், ரத்தத்தின் ரோண்டோ. இந்தப் பெயரில் ஒரு வேலைப்பாடு இருக்கிறது, அது ஜப்பானிய எழுத்தில்தான் தெரியும். ஜப்பானிய மொழியில் சித்திர எழுத்துகளுக்கு மேலே சின்னதாக இன்னொரு எழுத்தைப் போட்டு, இதை இப்படி வாசி என்று சொல்ல முடியும். எழுத்தாளர்கள் இந்த வசதியை வைத்து விளையாடுவார்கள்: கண்ணுக்கு ஒரு பொருள், காதுக்கு வேறொரு சொல். இந்த விளையாட்டின் அட்டையில் ரோண்டோ என்று வாசிக்கச் சொல்லியிருக்கும் இடத்தில், அடியில் உள்ள எழுத்துகள் 'ரின்னே'. ரின்னே என்றால் பௌத்தம் சொல்லும் சம்சாரம், செத்துச் செத்துப் பிறக்கும் பிறவிச் சுழல்.

கண் பார்ப்பது 'ரத்தத்தின் பிறவிச் சுழல்'. வாய் சொல்வது 'ரத்தத்தின் ரோண்டோ'. விளையாட்டுப் பெயர்களில் இவ்வளவு கச்சிதமாகப் பொருந்திய ஒன்றை நான் வேறு பார்த்ததில்லை.

ரோண்டோ என்ற இசை வடிவமும் ஒரு சுழல்தான். முதலில் ஒரு மெட்டு வரும். அப்புறம் வேறொரு பகுதிக்குப் போகும், திரும்ப முதல் மெட்டுக்கே வரும். இன்னொரு புதிய பகுதி, மறுபடி அதே மெட்டு. நம் கீர்த்தனையில் அனுபல்லவி, சரணம் என்று எங்கே போனாலும் பாடகர் பல்லவிக்குத் திரும்புவதுபோல. பேத்தோவன் 1810-இல் எழுதிய 'ஃபூர் எலீஸ்' பியானோ துண்டைக் கேட்டிராதவர்கள் குறைவு. பக்கத்துப் பக்கத்துக் கட்டைகள் இரண்டில் மாறி மாறித் தட்டித் தொடங்கும் அந்த மெட்டு, நடுவில் வேறு இரண்டு பகுதிகள் வந்து போன பிறகும் அதே முகத்தோடு திரும்பி வந்து நிற்கும். அது ரோண்டோ அமைப்புதான்.

இப்போது டிராகுலாவின் கதையை இதோடு வைத்துப் பாருங்கள். இந்தத் தொடரில் டிராகுலாவை ஒரேயடியாகக் கொல்ல முடியாது. நூறு வருடத்துக்கு ஒரு முறை கோட்டையோடு எழுந்து வருவான். ஒவ்வொரு முறையும் பெல்மான்ட் குடும்பத்தில் ஒருவர் 'வேம்பயர் கில்லர்' என்ற சாட்டையை எடுத்துக்கொண்டு போய் அவனை வீழ்த்துவார். கதைக் காலக்கணக்கில் சைமன் பெல்மான்ட் டிராகுலாவோடு மோதியது 1691-இல். ரிக்டர் பெல்மான்ட் மோதுவது 1792-இல், அதுதான் ரோண்டோவின் கதை. ஏறக்குறைய சரியாக ஒரு நூற்றாண்டு. டிராகுலாதான் அந்தத் திரும்பி வரும் மெட்டு. நடுவில் வரும் புதிய பகுதிகள் ஒவ்வொன்றும் ஒரு பெல்மான்ட். ரத்தம் என்ற சொல்லும் இரண்டு பக்கம் வேலை செய்கிறது: டிராகுலா குடிக்கும் ரத்தம் ஒன்று, பெல்மான்ட் குடும்பத்தில் தலைமுறை தலைமுறையாக ஓடும் ரத்தம் இன்னொன்று.

சரி, நாக்டர்னுக்கு வருவோம்.

அதன் பொருள் இரவுக்கான இசை. பதினெட்டாம் நூற்றாண்டில் மாலை விருந்துகளில் பலர் சேர்ந்து வாசிக்கும் இசைக்கு 'நொத்துர்னோ' என்ற பெயர் இருந்தது. மோட்சார்ட் நான்கு சிறு இசைக்குழுக்கள் ஒன்றுக்கொன்று எதிரொலிப்பதுபோல ஒரு நொத்துர்னோ எழுதியிருக்கிறார். ஆனால் இன்று நாக்டர்ன் என்றதும் நினைவுக்கு வருவது அதுவல்ல. அயர்லாந்தில் பிறந்து ரஷ்யாவில் வாழ்ந்த ஜான் ஃபீல்டு பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தப் பெயரை ஒற்றைப் பியானோவுக்கு மாற்றினார். இடது கை மெல்ல அலைபோல உருண்டுகொண்டிருக்கும், வலது கை அதன் மேல் ஒரு பாட்டைத் தனியாகப் பாடும். அதற்குப் பிறகு ஷோப்பான் வந்து இருபத்தொரு நாக்டர்ன்கள் எழுதி அந்த வடிவத்துக்கு இன்றைய முகத்தைக் கொடுத்தார். ஒரே ஒருவர், ஒரே கருவி, இரவு. வெளியே சொல்லாமல் உள்ளே ஓடும் எண்ணம். ஜப்பானியச் சொல்லிலும் அது அப்படியே இருக்கிறது: 'ய' என்பது இரவு, 'சோ' என்பது எண்ணம், 'க்யோகு' என்பது இசைத்துண்டு.

இந்த விளையாட்டின் நாயகன் அலுகார்டை நினைத்துக்கொள்ளுங்கள். டிராகுலா என்ற பெயரை ஆங்கிலத்தில் பின்னாலிருந்து எழுதினால் அலுகார்ட். அப்பா வேம்பயர், அம்மா லிசா மனிதப் பெண். அந்த அம்மாவை மனிதர்கள் கொன்றார்கள், அதனால் அப்பா மனித குலத்தையே வெறுத்தார். மகன் 1476-இல் டிரெவர் பெல்மான்ட்டோடு சேர்ந்து அப்பாவுக்கு எதிராகவே போரிட்டான். போர் முடிந்ததும் தன் ரத்தத்தின் மேல் அவனுக்கே நம்பிக்கை இல்லாமல், எழாத தூக்கத்தில் தன்னைப் புதைத்துக்கொண்டான். முந்நூறு வருடங்களுக்கு மேல் கழித்துக் கண் விழிக்கிறான். மனிதர்களோடும் சேராதவன், பேய்களோடும் சேராதவன். கோட்டைக்குள் அவனோடு வரக் கூட்டாளி யாரும் கிடையாது. ரிக்டரின் மைத்துனி மரியா அங்கங்கே எதிர்ப்பட்டு இரண்டு வார்த்தை பேசிவிட்டுப் போவாள், கூடவே பறக்கும் வௌவால், பேய், குட்டிச்சாத்தான் போன்ற ஏவல் உயிர்களை வேண்டுமானால் அழைத்துக்கொள்ளலாம், அவ்வளவுதான். இவன் கதைக்கு நாக்டர்ன் என்று பெயர் வைத்தவர்களைக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றுகிறது.

விளையாடும்போது இது கையில் தட்டுப்படும். அலுகார்டை ஒரு நாற்காலியின் முன் நிறுத்தி மேல்நோக்கிய பொத்தானை அழுத்தினால் அதில் உட்கார்ந்துகொள்வான். அதனால் உயிர் ஏறாது, புள்ளி கிடைக்காது. சும்மா உட்காரலாம், ஒரு கையை ஊன்றியபடி. அரண்மனைத் தேவாலயத்தில் பாவமன்னிப்புக் கூண்டு ஒன்று இருக்கும். அதில் போய் உட்கார்ந்தால் திரைக்கு அந்தப் பக்கம் ஒரு பாதிரியாரின் ஆவி வந்து அமரும். சில நேரம் ஆசி தரும், சில நேரம் கத்திகளை நீட்டும். வெளிச்சுவரில் ஒரு தொலைநோக்கி இருக்கிறது, அதில் கண்ணை வைத்தால் தூரத்தில் படகோட்டி ஒருவன் தெரிவான். இவை எதையும் செய்யாமலேயே விளையாட்டை முடித்துவிடலாம். ஆனால் தனியாக ஓர் இரவைக் கழிப்பவன் என்ன செய்வானோ அதற்கெல்லாம் இடம் வைத்திருக்கிறார்கள். முந்தைய காசில்வேனியா விளையாட்டுகளில் பெரும்பாலானவற்றில் ஒரு கட்டம் முடிந்தால் அடுத்த கட்டம், நேரம் ஓடிக்கொண்டிருக்கும், உட்கார முடியாது. இதில் நேரக்கணக்கு உங்களைத் துரத்தாது. கோட்டை முழுவதும் ஒரே வெளி, எங்கு வேண்டுமானாலும் அலையலாம். வடிவமே மாறிவிட்டது, அதோடு பெயரும் மாறியது.

இந்த ஜோடியின் உண்மையான அழகு கதையின் தொடக்கத்தில் இருக்கிறது. 'சிம்பொனி ஆஃப் த நைட்' தொடங்கும்போது உங்கள் கையில் இருப்பவன் அலுகார்ட் இல்லை. ரிக்டர். வருடம் 1792. ரோண்டோவின் கடைசிச் சண்டை, டிராகுலாவோடு. ஒரு விளையாட்டின் முடிவை அடுத்ததன் முதல் காட்சியாகத் திரும்ப வாசிக்கிறார்கள்! ரோண்டோ என்று பெயர் வைத்த விளையாட்டின் மெட்டு மறுபடி ஒலிக்கிறது. அது முடிந்ததும் எழுத்துகள் மேலேறும்: நான்கு வருடம் கழித்து ஒரு முழுநிலவு இரவில் ரிக்டர் காணாமல் போனான், மரியா அவனைத் தேடிப் புறப்பட்டாள், நூற்றாண்டுக்கு ஒரு முறை தோன்றும் என்று சொல்லப்படும் கோட்டை திடீரென்று மூடுபனியிலிருந்து எழுந்தது. நிலவு இங்கேயே வந்துவிடுகிறது.

இப்போது கணக்கைப் பாருங்கள். கோட்டை எழும் வருடம் 1797, ரிக்டர் காணாமல் போனதற்கு அடுத்த வருடம். முந்தைய சண்டை 1792. நூறு வருடம் ஆக வேண்டிய இடத்தில் ஐந்தே வருடம். மெட்டு தன் நேரத்துக்கு முன்பே திரும்பி வந்துவிட்டது. தாளம் தப்பியிருக்கிறது, ஏன்? இந்தக் கேள்விதான் கதை முழுவதையும் இழுத்துச் செல்கிறது. கொஞ்சம் கதையை உடைக்கப் போகிறேன், விளையாடாதவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிப் போகலாம்.

கோட்டையின் உச்சியில் அலுகார்ட் சந்திப்பது டிராகுலாவை இல்லை, ரிக்டரை. கோட்டைக்கு இப்போது தானே தலைவன் என்கிறான். காரணமும் சொல்கிறான்: டிராகுலா நூறு வருடத்துக்கு ஒரு முறைதான் வருகிறான், என் வேலை முடிந்துவிட்டது, அவனை நானே எழுப்பிவிட்டால் இந்தப் போர் என்றென்றும் நடக்கும். சுழலை நிறுத்த வேண்டியவனே அது நிற்காமல் சுற்ற வேண்டும் என்று ஆசைப்படுகிறான். ரோண்டோவின் நாயகனை ரோண்டோவே விழுங்கிவிட்டது. உண்மையில் ஷாஃப்ட் என்ற மந்திரவாதி அவனை ஆட்டுவிக்கிறான், மரியா தரும் புனிதக் கண்ணாடியை அணிந்தால் ரிக்டரைச் சுற்றிப் பறக்கும் பச்சை உருண்டை கண்ணுக்குத் தெரியும், அதை அடிக்க வேண்டும். கண்ணாடி இல்லாமல் ரிக்டரைக் கொன்றால் விளையாட்டு அங்கேயே சோகமாக முடிந்துவிடும். கடைசியில் டிராகுலாவையும் வீழ்த்திய பிறகு அலுகார்ட் மரியாவிடம், என் உடம்பில் ஓடும் ரத்தம் சாபம் பெற்றது, என் வம்சம் இந்த உலகத்திலிருந்து மறைந்துபோவதே நல்லது என்கிறான். ஒருவன் சுழல் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும் என்கிறான், இன்னொருவன் தன்னோடு அது முடிய வேண்டும் என்கிறான். முதல்வனுக்கு ரோண்டோ, இரண்டாமவனுக்கு நாக்டர்ன். இரண்டு பெயர்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் இது புரியும்.

ஆங்கிலத்தில் இந்த ஜோடி ஏன் உடைந்தது என்பதும் இங்கிருந்தே விளங்கும். 1997-இல் அமெரிக்க, ஐரோப்பிய விளையாட்டாளர்களுக்கு ரோண்டோ கைக்கே வரவில்லை. சூப்பர் நின்டெண்டோவுக்கு 1995-இல் வந்த 'டிராகுலா எக்ஸ்' அதே கதையை எடுத்துக்கொண்டு வேறு கட்டங்களோடு செய்த விளையாட்டு. உண்மையான ரோண்டோ ஆங்கிலத்தில் முறையாக வந்தது 2007-இல், பிஎஸ்பி கருவிக்கான 'டிராகுலா எக்ஸ் கிரானிக்கிள்ஸ்' தொகுப்பில். பதினான்கு வருடத் தாமதம். ரோண்டோவையே பார்த்திராதவர்களுக்கு அதன் ஜோடி என்று ஒரு நாக்டர்னைக் கொடுத்து என்ன பயன்? 1997 ஆங்கிலப் பதிப்பில் அந்த முதல் சண்டைக் காட்சிக்கு 'ஃபைனல் ஸ்டேஜ்: பிளட்லைன்ஸ்' என்று தலைப்பு வேறு போட்டுவிட்டார்கள். 'பிளட்லைன்ஸ்' என்பதோ 1994-இல் சேகா கருவிக்கு வந்த, முதலாம் உலகப் போர்க் காலத்தில் நடக்கும் முற்றிலும் வேறு காசில்வேனியா. எத்தனையோ பேர் இதனால் குழம்பினார்கள்.

இவ்வளவு சொன்னதால் சிம்பொனி என்ற பெயர் தவறு என்று நான் சொல்வதாக நினைக்க வேண்டாம். அது வேறொரு இடத்திலிருந்து வலு பெறுகிறது.

டிராகுலாவுக்கும் இரவின் இசைக்கும் உறவு தொடக்கத்திலிருந்தே உண்டு. பிராம் ஸ்டோக்கரின் 1897 நாவலில் வழக்கறிஞர் ஜொனாதன் ஹார்க்கர் கோட்டைக்கு வந்து சேர்ந்த முதல் இரவு, கீழே பள்ளத்தாக்கில் ஓநாய்கள் ஊளையிடும். டிராகுலா பிரபுவின் கண்கள் மின்னும். இரவின் பிள்ளைகள் எழுப்பும் அந்த இசையைக் கேளுங்கள் என்று அவர் ஹார்க்கரிடம் சொல்வார். மற்றவருக்கு நடுக்கம் தரும் சத்தம் அவர் காதில் சங்கீதமாக விழுகிறது. 1922-இல் ஜெர்மன் இயக்குநர் முர்னாவ் அந்த நாவலை அனுமதி வாங்காமலே 'நோஸ்ஃபெராட்டு' என்ற மௌனப் படமாக எடுத்தார். அதற்கு ஒரு துணைத்தலைப்பும் வைத்தார்: 'பயங்கரத்தின் சிம்பொனி'. ஸ்டோக்கரின் மனைவி வழக்குப் போட்டு, பிரதிகளை அழிக்கச் சொல்லி நீதிமன்றம் உத்தரவிட்டும் தப்பிப் பிழைத்த படம் அது. சிம்பொனி, இரவு, வேம்பயர் மூன்றையும் ஒரே தலைப்பில் சேர்க்கும்போது எழும் ஓசை திடீரென்று வந்ததில்லை, எழுபத்தைந்து வருடமாகத் திரைக்குப் பின்னால் ஒலித்துக்கொண்டிருந்தது. 'இரவின் சிம்பொனி' என்றதும் ஆங்கிலம் படிப்பவருக்கு எங்கேயோ கேட்டதுபோல ஒரு சிலிர்ப்பு வருவதற்கு இதுவும் காரணம்.

இன்னொன்று, சிம்பொனி என்றால் பல ஓசைகள் சேர்ந்து ஒலிப்பது. அலுகார்டுக்கு அது பொருந்தாது, ஆனால் கோட்டைக்குப் பொருந்தும். மிச்சிரு யமானே இந்த விளையாட்டுக்குச் செய்த இசையை ஒரு முறை கோர்வையாகக் கேட்டால் போதும். கோட்டை வாசலில் 'டிராகுலாஸ் காசில்', ராக் இசையின் வேகத்தோடு. நூலகத்துக்குள் போனால் 'உட் கார்விங் பார்ட்டிட்டா', ஹார்ப்சிகார்டு கலகலவென்று பதினெட்டாம் நூற்றாண்டு பாணியில் பின்னிக்கொண்டிருக்கும். தேவாலயத்தில் 'ரெக்வியம் ஃபார் த காட்ஸ்', மணிகளும் கோரஸும். ஓல்ராக்ஸ் என்ற வேம்பயரின் அறைகளில் 'டான்ஸ் ஆஃப் பேல்ஸ்', வால்ட்ஸ் நடனத்தின் மூன்றெண்ணிக்கை. நிலத்தடிக் குகைகளில் 'கிரிஸ்டல் டியர்டிராப்ஸ்', பேஸ் கிட்டார் துள்ளிக்கொண்டு போகும். மணிக்கூண்டில் 'த டிராஜிக் பிரின்ஸ்', முறுக்கேறிய ஹெவி மெட்டல். ஓர் அறைக் கதவைத் தாண்டினால் இன்னொரு நூற்றாண்டு. பார்ட்டிட்டா, ரெக்வியம், தொக்காட்டா என்று துண்டுகளின் பெயர்களிலேயே இசை வடிவங்களை வைத்துக்கொண்டே போயிருக்கிறார்கள். பார்ட்டிட்டா என்றால் நடன மெட்டுகளின் தொகுப்பு, ஜெர்மன் இசையமைப்பாளர் பாக் விசைப்பலகைக்கு ஆறு எழுதினார். ரெக்வியம் இறந்தவர்களுக்கான பூசை இசை, இங்கோ தெய்வங்களுக்கே ரெக்வியம். தொக்காட்டா விரல் வேகத்தைக் காட்டும் விசைப்பலகைத் துண்டு. இத்தனை குரல்களும் ஒரே கோட்டைக்குள் ஒன்றையொன்று தள்ளாமல் இருக்கின்றன. அதைச் சிம்பொனி என்று ஒருவர் அழைத்தால் எனக்கு மறுப்பே இல்லை.

கோட்டையைப் பற்றிப் பேசும்போது ஒன்றைச் சொல்லாமல் போக முடியவில்லை. ரிக்டரைக் காப்பாற்றிய பிறகு வானத்தில் இன்னொரு கோட்டை தெரியும், முதல் கோட்டையையே தலைகீழாகக் கவிழ்த்ததுபோல. அதே அறைகள், அதே படிக்கட்டுகள், ஆனால் கூரைதான் இப்போது தரை. விளையாட்டின் பாதி அங்கேதான் இருக்கிறது. ஒரு மெட்டை எடுத்து, அது ஏறும் இடத்திலெல்லாம் இறக்கி, இறங்கும் இடத்திலெல்லாம் ஏற்றி வாசிப்பது மேற்கத்திய செவ்வியல் இசையின் பழைய உத்தி. பாக் தன் கடைசிக் காலப் படைப்பான 'ஆர்ட் ஆஃப் ஃபியூக்'கில் முழுத் துண்டையே கண்ணாடிப் பிம்பம்போலக் கவிழ்த்து எழுதிக் காட்டியிருக்கிறார். தலைகீழ்க் கோட்டைக்குள் கேட்கும் 'ஃபினாலே தொக்காட்டா'வின் ஆர்கன் ஒலியும் பாக்கின் புகழ்பெற்ற டி மைனர் தொக்காட்டாவின் நிழலில்தான் நிற்கிறது. இது என் வாசிப்பு. ஆனாலும் இசையின் பெயரைச் சூடிய ஒரு விளையாட்டில் கட்டடமே இசை இலக்கணத்தின்படி கவிழ்வதைப் பார்க்கும்போது எனக்கு வேறெதுவும் தோன்றுவதில்லை.

ஆக, ஜப்பானியப் பெயர் நாயகனைச் சொல்கிறது, ஆங்கிலப் பெயர் அவன் நடக்கும் இடத்தைச் சொல்கிறது. எனக்கு எது பிடிக்கும் என்று கேட்டால் தயங்காமல் நாக்டர்ன் என்பேன். சிம்பொனி கம்பீரமான சொல், ஆனால் இந்தக் கதையின் நடுவில் இருப்பது கம்பீரம் இல்லை. குகைப் பகுதியில் சேமிப்பு அறைபோலத் தோன்றும் ஓர் அறை உண்டு. அங்கே அலுகார்ட் ஒரு கெட்ட கனவுக்குள் விழுகிறான். அம்மா சிலுவையில் கட்டப்பட்டிருக்கிறாள், மனிதர்களை வெறு என்கிறாள். அம்மா அப்படிச் சொல்ல மாட்டாள் என்பது அவனுக்குத் தெரியும், அதை வைத்தே அது மோகினிப் பேயின் வேடம் என்று கண்டுபிடிக்கிறான். விளையாட்டின் முடிவில் சாகப்போகும் அப்பாவிடம் அம்மாவின் உண்மையான கடைசி வார்த்தைகளைச் சொல்கிறான்: மனிதர்களை வெறுக்காதே, அவர்களோடு வாழ முடியாவிட்டால் தீங்காவது செய்யாதே, அவர்கள் வாழ்க்கை ஏற்கெனவே கடினமானது. முந்நூறு வருடம் ஒருவன் உள்ளேயே வைத்துக்கொண்டிருந்த வார்த்தைகள். இதற்குப் பெரிய இசைக்குழு எதற்கு?

இந்த விளையாட்டுக்குப் பிறகு இசைப் பெயர் வைப்பது தொடரின் வழக்கமாகவே ஆகிவிட்டது. எல்லாம் ஒரே தரமில்லை. அதே 1997-இல் கேம் பாய்க்கு வந்த 'லெஜண்ட்ஸ்' ஜப்பானில் ஒரு 'முன்னிசை', அதாவது பிரிலூட் என்ற பெயரோடு வந்தது. பெல்மான்ட் வம்சத்தின் தொடக்கக் கதை என்பதால் சரியான பெயர்தான், ஆனால் பிறகு அந்தக் கதையையே தொடரின் காலக்கணக்கிலிருந்து நீக்கிவிட்டார்கள். 2002-இல் கேம் பாய் அட்வான்ஸுக்கு வந்தது ஜப்பானில் வெண்ணிரவின் கான்செர்ட்டோ, ஆங்கிலத்தில் 'ஹார்மனி ஆஃப் டிஸ்ஸொனன்ஸ்'. இதில் ஆங்கிலப் பெயரே எனக்கு ஒரு படி மேல். இசைவின்மையின் இசைவு என்ற முரண், ஒன்றின் மேல் ஒன்றாகக் கிடக்கும் இரண்டு கோட்டைகளுக்கும், இரண்டாகப் பிளந்த மனத்தோடு திரியும் நாயகனின் நண்பன் மாக்சிமுக்கும் அளவெடுத்துத் தைத்ததுபோல இருக்கிறது.

2003-இல் வந்த 'ஏரியா ஆஃப் சாரோ' தான் ரோண்டோவுக்கு உண்மையான வாரிசு. ஏரியா என்றால் ஒரே குரல் பாடும் பாட்டு. ஜப்பானியப் பெயரில் பழைய எழுத்து விளையாட்டு திரும்ப வருகிறது: எழுத்துகள் வால்ட்ஸ் நடனத்தைக் குறிக்கும், மேலே மினுவெட் என்று வாசிக்கச் சொல்லும். கதை 2035-இல் நடக்கிறது. 1999-இல் டிராகுலாவை இறுதியாக ஒழித்துவிட்டார்கள், கோட்டையையும் ஒரு சூரிய கிரகணத்துக்குள் அடைத்துவிட்டார்கள். சோமா குரூஸ் என்ற சாதாரண இளைஞன் அந்தக் கோட்டைக்குள் போய்ச் சேர்கிறான். அவன்தான் டிராகுலாவின் மறுபிறவி. 1993-இல் ரோண்டோ என்ற ஓசைக்கு அடியில் எழுதி வைத்த 'பிறவிச் சுழல்' பத்து வருடம் கழித்து நேரடியாகக் கதைக்குள் வந்துவிட்டது. அவனுக்குத் துணையாக அரிக்காதோ என்ற பெயரில் நிற்பவர் யார் என்று பார்த்தால், நம் அலுகார்ட். அவன் கடைசியில் விரும்பிய அந்த மறைவு அவனுக்குக் கிடைக்கவே இல்லை.

2023-இல் வந்த அனிமேஷன் தொடருக்கு 'காசில்வேனியா: நாக்டர்ன்' என்று பெயர் வைத்தபோது பழைய ஜப்பானியப் பெயர் ஒருவழியாக ஆங்கிலத்துக்குள் வந்து சேர்ந்தது என்று மகிழ்ந்தேன். ஆனால் அதன் மையக் கதாபாத்திரம் ரிக்டர், காலம் பிரெஞ்சுப் புரட்சி, அதே 1792. அதாவது ரோண்டோவின் நாயகனுக்கு நாக்டர்ன் என்ற பெயர். அலுகார்ட் முதல் பருவத்தின் கடைசியில்தான் வந்து நிற்கிறான்.

இரண்டையும் சேர்த்து அனுபவிக்க நினைப்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். 2018-இல் பிளேஸ்டேஷன் 4-க்கு இரண்டு விளையாட்டுகளையும் ஒன்றாகக் கட்டி வெளியிட்டார்கள். அந்தத் தொகுப்புக்கு வைத்த பெயர் 'காசில்வேனியா ரெக்வியம்'. ரோண்டோவை முதலில் விளையாடுங்கள். அது கடினம், பல முறை சாவீர்கள், பழைய பாணி. ஆனாலும் ரிக்டரின் கையால் டிராகுலாவை நீங்களே வீழ்த்திவிட்டு, உடனே மற்றதைத் தொடங்குங்கள். அதே அறை, அதே சிம்மாசனம், அதே இருவர். அந்த இரண்டாவது சண்டையில் சாட்டையை வீசும்போது ஒரு ரோண்டோ எங்கே முடிந்து நாக்டர்ன் எங்கே தொடங்குகிறது என்று உங்களுக்கே தெரிந்துவிடும்.